உயிரோடிருப்பவளுக்கு வந்த கோடிப் புடவை

நெய்வேலி நகரியம்,
ஆனி மாதக் கடைசி ஞாயிறு.

அன்பு மகள் பொற்கொடிக்கு,

அப்பா எழுதுகிறேன். நானும் அம்மாவும் இங்கே இருக்கிறோம். நீ வேளாவேளைக்குச் சாப்பிட்டு உடம்பைப் பார்த்துக்கொள்கிறாய் என்று நம்புகிறேன். கையில் போன் இருக்கும்போது இந்தக் காலத்தில் எவன் கடிதம் எழுதுவான் என்று சிரிப்பாய். சிரித்துக்கொள். போனில் நாலு வார்த்தை பேசுவதற்குள் யாராவது ஷாட் ரெடி என்று கத்துகிறான், நீ வைத்துவிடுகிறாய். காகிதத்தை நடுவில் யாரும் வந்து பிடுங்க முடியாது. கேரவனில் சும்மா உட்கார்ந்திருக்கும்போது நிதானமாகப் படி.

போன வாரம் நம் வீட்டில் நடந்ததில் பாதிதான் உனக்குத் தெரியும். சிரிப்பு வந்த பாதியை மட்டும் சொன்னேன். மீதியையும் நீ தெரிந்துகொள்ள வேண்டும்.

உன் படக் கம்பெனிக்காரர்கள் பண்ருட்டிப் பக்கம் வந்து ஒரு காட்சி எடுத்தார்களாம். கதையில் நீ செத்துப்போகிறாய், அதனால் அந்தக் காட்சிக்கு நீ வேண்டாம், உன் போட்டோ மட்டும் போதும் என்று விட்டுவிட்டார்கள் என்று பிறகு நீயே சொன்னாய். நீ முன்பு வேலை பார்த்த தையல் கடை யாமினி மேடம் தைத்த மஞ்சள் புடவையில் நீ திரும்பிப் பார்க்கிற போட்டோவை ஆள் உயரத்துக்கு ஃபிளெக்ஸ் அடித்து, மேலே 'கண்ணீர் அஞ்சலி' என்று போட்டு, இரண்டு பக்கமும் விளக்கு எரிகிற மாதிரி படம் வைத்து, ரோட்டோரம் சவுக்குக் கம்பு நட்டுக் கட்டியிருக்கிறார்கள். எடுத்து முடித்ததும் கேமராவை ஏற்றினார்கள், லைட்டை ஏற்றினார்கள், சாப்பிட்ட பாத்திரத்தைக்கூட எண்ணி ஏற்றினார்கள். உன்னை மட்டும் அங்கேயே விட்டுவிட்டுப் போய்விட்டார்கள்.

உன் மாமன் குழந்தைவேல் முந்திரி விஷயமாகக் கொல்லம் போயிருந்தான். விடிகாலையில் பஸ்ஸில் திரும்பி வரும்போது ஜன்னல் வழியாக உன்னைப் பார்த்திருக்கிறான். கீழே 'செல்வி வான்மதி' என்று பேர் போட்டிருக்கிறதே, அவன் படிக்கத் தெரியாதவனா என்று கேட்பாய். படித்திருக்கிறான். ஆனால் நாங்கள் வைத்த பொற்கொடியை அந்த மேடம் 'கொடி' என்று வெட்டினாள். சினிமாக்காரர்கள் வந்து மிஹிரா என்று மாற்றினார்கள். இப்போது மூன்றாவதாக ஒரு பேர் வைத்திருப்பார்கள் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டான். தூக்கி வளர்த்த மருமகளைப் பேரை வைத்தா அடையாளம் பார்ப்பான்?

எனக்கு ஒரு போன் போட்டிருக்கலாம். போடவில்லை. அவனைக் குறை சொல்ல முடியாது. சாவு வீட்டுக்குப் போன் போட்டு நிஜமா பொய்யா என்று விசாரிக்கிற வழக்கம் நம் ஜனத்துக்குக் கிடையாது. காதில் விழுந்தால் கிளம்பி வந்துவிட வேண்டும். தாய்மாமன் என்றால் வெறுங்கையோடு வரக் கூடாது. பண்ருட்டியில் துணிக்கடை திறக்கும் வரை காத்துக்கிடந்து கோடிப் புடவை எடுத்து, மாலை வாங்கி, பெண்டாட்டி அம்சவல்லியையும் ஊர்ப் பெண்களையும் ஒரு டெம்போவில் ஏற்றிக்கொண்டு வந்துவிட்டான்.

நான் முதல் ஷிஃப்டில் இருந்தேன். அம்மா பின்பக்கம் உட்கார்ந்து கையில் எண்ணெய் தடவிக்கொண்டு பலாப்பழம் அரிந்துகொண்டிருந்தாளாம். டெம்போ திரும்பும்போதே அழுகைச் சத்தம். பக்கத்து குவார்ட்டர்ஸ் இசக்கியம்மாள் வீட்டில்தான் ஏதோ ஆகிவிட்டது என்று உன் அம்மா பதறிக்கொண்டு வாசலுக்கு ஓடியிருக்கிறாள், ஆறுதல் சொல்வதற்கு. அம்சவல்லி வந்து அவள் கழுத்தைக் கட்டிக்கொண்டு, "பெத்து வளத்து சினிமாக்காரனுக்கு வாரிக் குடுத்துட்டியே அண்ணி" என்று கதறினாள். குழந்தைவேல் அந்தப் புடவையை எடுத்து அம்மாவின் பிசுபிசுத்த கையில் வைத்தான். அவ்வளவுதான். யாரும் அவளிடம் உன் பேரைச் சொல்லவே இல்லை. புடவையைப் பார்த்தே தெரிந்துகொண்டாள்.

எனக்கு ஆபீஸ் மூலமாகத் தகவல் வந்து, கூட வேலை பார்ப்பவரின் வண்டியில் வந்து சேர்ந்தேன். வழியெல்லாம் உனக்கு அடித்துப் பார்க்கிறேன், சுவிட்ச் ஆஃப். வீட்டுக்கு முன்னால் பிளாஸ்டிக் நாற்காலி போட்டாகிவிட்டது. பறைக்கு ஆள் சொல்லியாகிவிட்டது. உடம்பு சென்னையிலிருந்து எத்தனை மணிக்கு வரும் என்று என்னிடமே கேட்கிறார்கள். பாப்பா, எனக்கு உன் அம்மாவைப் பார்க்கத்தான் பயமாக இருந்தது. அவள் அழவில்லை. புடவையை மடியில் வைத்துக்கொண்டு, விரலில் ஒட்டிய பலாப்பாலை ஒவ்வொன்றாக உரித்துக்கொண்டிருந்தாள்.

மத்தியானம் தாண்டி நீ கூப்பிட்டாய். "என்னப்பா, இவ்ளோ மிஸ்டு கால்?" என்று நீ கேட்டது ஸ்பீக்கரில் எல்லாருக்கும் விழுந்தது. அப்புறம் உன் மாமன் தரையில் உட்கார்ந்து தலையில் அடித்துக்கொண்டு சிரித்தான், அழுதான், இரண்டும் செய்தான். இசக்கியம்மாள் அத்தனை பேருக்கும் உப்புமா கிண்டிப் போட்டாள். சாவுக்கு வந்த ஜனம் ஜோக்கடித்துக்கொண்டு சாப்பிட்டது. இதுவரைக்கும் உனக்குத் தெரியும்.

தெரியாதது இதுதான். கிளம்பும்போது குழந்தைவேல் வெட்கத்தோடு அந்தப் புடவையை எடுத்துக்கொள்ளக் கையை நீட்டினான். அம்சவல்லி பாய்ந்து பிடித்துக்கொண்டாள். "அறிவிருக்கா? வூட்டுக்குள்ள வந்த கோடிய திருப்பி எடுத்துகினு போனா அது நம்ம வூட்டுல ஆள் தேடும்" என்றாள். நான் எடுத்துக்கொண்டு போய் எங்காவது எறிந்துவிடுகிறேன் என்றேன். உன் அம்மா விடவில்லை. "துணின்னு ஒண்ணு வந்தா அத ஒருத்தி கட்டணும். யாருக்குன்னு வந்துச்சோ அவதான் கட்டணும்" என்று சொல்லி, பீரோவில் உன் துணிகளோடு வைத்துப் பூட்டிவிட்டாள்.

மறுநாள் நான் கட்டிங் பிளேயர் எடுத்துக்கொண்டு போய் ஃபிளெக்ஸை அவிழ்த்தேன். முந்திரி மூட்டைக்கு மூட ஆகும், தாருங்கள் என்று ஒருவர் கேட்டார். பெற்ற பெண்ணின் முகத்தை மழைக்கும் வெயிலுக்கும் எப்படிக் கொடுப்பேன்? கொளுத்தவும் மனசு வரவில்லை, கொள்ளி வைத்த மாதிரி ஆகிவிடும். முகம் உள்பக்கமாக வரும்படி சுருட்டி லாஃப்டில் வைத்திருக்கிறேன்.

அம்மா நன்றாகத்தான் இருக்கிறாள். ஆனாலும் ஒரு தடவை வந்து முகத்தைக் காட்டிவிட்டுப் போ. ஆடி பிறந்ததும் வா.

உன் நலமே நினைக்கும் அப்பா,
வி. கொளஞ்சிநாதன்.


நெய்வேலி நகரியம்,
ஆடி இரண்டாம் வெள்ளி.

அன்பு மகள் பொற்கொடிக்கு,

நீ அனுப்பிய மிக்ஸி வந்தது. நன்றாக ஓடுகிறது. நான் கேட்டது மிக்ஸி இல்லை.

இன்னொன்றும் வந்தது. பார்சல் ஆபீஸிலிருந்து ஆள் உயரத்துக்கு ஒரு மரப்பெட்டி. பிரித்தால் துணி தைத்துப் பார்க்கிற பொம்மை. தலை கிடையாது, கை கிடையாது, இடுப்புக்குக் கீழே ஒரு இரும்புக் கம்பிதான் கால். யாமினி மேடத்துக்குப் போன் போட்டேன். சென்னைக் கடையை மூடிவிட்டு வெளிநாடு போகிறாளாம். "உங்க பொண்ணு உடம்புலயே அச்சு எடுத்துச் செஞ்சது அங்கிள், வேற யாருக்கும் இதுல தைக்க முடியாது, உடைக்கவும் எனக்கு மனசு வரல" என்றாள். உன்மேல் கோபமா என்று கேட்டேன். "அவ போனதுலேர்ந்து எனக்குக் கத்தரிக்கோலே ஓடல" என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டாள். பெரிய மனுஷி, பெரிய பேர். நீ சினிமாவுக்குப் போனாய் என்று கடையையே மூடிவிட்டாள். அவளுக்காகவும் எனக்குக் கஷ்டமாகத்தான் இருந்தது.

அதை உன்னிடம் சொன்னபோது, அதன் மேல் குண்டூசி குத்திய தடம் இருக்கிறதா என்று கேட்டாய். இருக்கிறது பாப்பா. கழுத்தோரத்திலும் இடுப்பிலும் பொடிப்பொடியாக நிறைய இருக்கிறது. "அந்த ரூம்ல நான் இன்னும் நின்னுட்டே இருக்கிற மாதிரி இருக்கும்பா" என்று நீ சொன்னாய். சாப்பிட்டாயா என்று கேட்டேன்.

உன் அம்மா இப்போது அந்த ரூமைப் பற்றித்தான் ஓயாமல் பேசுகிறாள். நீ அங்கே வேலைக்குச் சேர்ந்த புதிதில் உன்னைப் பார்க்கச் சென்னைக்கு வந்தாளே, அந்தக் கதை. நீ ஒரு மேடை மேல் நிற்கிறாய். மேடம் உன் மேலேயே துணியைப் போட்டு, உன் மேலேயே வெட்டி, உன் மேலேயே ஊசி குத்துகிறாள். அம்மா கூப்பிட்டதற்கு நீ திரும்பவில்லை. திரும்பினால் துணி கலைந்துவிடும். மேடம் பெருமையாகச் சொன்னாளாம், "ஆன்ட்டி, உங்க பொண்ணு மூச்சு விட்டா மேல இருக்கிற துணி அசையாது, அதுக்காகத்தான் இவளை விட மாட்டேன்" என்று. அன்றைக்கு வீட்டுக்கு வந்ததும் உன் அம்மா எனக்குச் சோறு போடாமல், "மூச்சு விட்டா துணி அசையணும்ங்க, அசையலன்னா அது என்னா?" என்று கேட்டாள். பைத்தியக்காரி, அது வேலை என்றேன். இப்போதும் அதையேதான் கேட்கிறாள். இப்போது நான் பைத்தியக்காரி என்று சொல்வதில்லை.

நீ நடித்த முதல் படத்தை மெயின் பஜாரிலிருந்து ஆள் சேர்த்துக்கொண்டு போய்ப் பார்த்தோமே. படம் முடிந்ததும் எல்லாரும் கை தட்டினார்கள், உன் அம்மா தட்டவில்லை. வாயசைப்பது நீ, பேசுவது வேறு எவளோ. டப்பிங் என்று நான் விளக்கிச் சொன்னேன். அது அப்போது அவளுக்குப் புரிந்த மாதிரிதான் இருந்தது. கோடி வந்த பிறகு எல்லாவற்றையும் ஒன்றாகச் சேர்த்துக் கணக்குப் போடுகிறாள். "சினிமால உடம்பு இருக்கு, குரல் இல்ல. போன்ல குரல் இருக்கு, உடம்பு இல்ல. ஃபிளெக்ஸ்ல மூஞ்சி இருக்கு, உசுரு இல்ல. எல்லாம் இருக்கிற புள்ள எங்க?" என்கிறாள். நீ போனில் பேசும்போது சிரித்துச் சிரித்துத்தான் பேசுகிறாள், நீயும் நம்பிக்கொண்டிருக்கிறாய். வைத்த பிறகு என்னிடம், "நல்லா பேசுது" என்கிறாள். பேசுது! பெற்ற பெண்ணை இப்படிச் சொல்கிறாள்.

ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனேன். டாக்டர் நல்ல மனிதர், பொறுமையாகக் கேட்டு மாத்திரை எழுதிக் கொடுத்தார். அவளுக்குத் தூக்கம் வந்தது. நம்பிக்கை வரவில்லை.

பொம்மையைப் பின் அறையில் சுவரைப் பார்த்து நிறுத்தி, பழைய போர்வையைப் போட்டு மூடியிருந்தேன். ஒரு நாள் அம்மா போர்வையை எடுத்துவிட்டு, நீ காலேஜ் போகும்போது போட்ட பழைய ரவிக்கையை அதற்கு மாட்டிப் பார்த்திருக்கிறாள். கொக்கி எல்லாம் பிடித்ததாம், எங்கேயும் தொளதொளப்பு இல்லையாம். சினிமாவுக்கென்று நீ இளைத்துவிட்டாய், போன தடவை வந்தபோது அதே ரவிக்கை உன் தோளில் நிற்கவில்லை. "பாத்தீங்களா, என் பொண்ணு சைஸ் இதுதான். நீங்க டிவியில காட்றீங்களே, அது யாரோ" என்றாள். அச்சு எடுத்தது நீ இங்கிருந்து போன புதிதில். நாங்கள் அனுப்பி வைத்த பொற்கொடியின் அளவு அதனிடம்தான் இருக்கிறது.

நேற்று முதல் ஷிஃப்ட் முடிந்து கம்பெனி பஸ்ஸில் வந்து இறங்கினேன். நல்ல வெயில். கதவு திறந்து கிடக்கிறது, அடுப்பில் ஒன்றும் இல்லை, பின் அறையில் அம்மா பேசிக்கொண்டிருக்கிறாள். நீ வந்துவிட்டாய் என்று நினைத்துச் செருப்பைக்கூடக் கழற்றாமல் ஓடினேன். பொம்மைக்குப் புடவை கட்டியிருந்தாள். அந்தக் கோடியை. கொசுவம் நேராக, முந்தானை சரியாக, தோளில் ஊக்குக் குத்தி, இடுப்பில் ஒரு முழம் கனகாம்பரம் செருகி. அதன் முன்னால் தரையில் உட்கார்ந்து, இசக்கியம்மாள் மருமகள் சண்டை போட்டுக்கொண்டு போன கதையைச் சொல்லிக்கொண்டிருக்கிறாள். என்னைப் பார்த்ததும், "சத்தம் போடாதீங்க, இப்பத்தான் கட்டிகிச்சி" என்றாள்.

நான் என்ன செய்ய வேண்டும்? அவிழ்க்கப் போனேன். கை வைக்க முடியவில்லை. அது உன் இடுப்பு பாப்பா. அப்பன் எப்படி அவிழ்ப்பான்?

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். நம் வீட்டுப் பூவாடைக்காரிக்கு ஆடியில் படைப்பது உனக்குத் தெரியும். கல்யாணம் ஆகாமலே செத்துப்போன என் அக்கா சாமியம்மாளுக்குப் புதுப்புடவை வைத்து, பேர் சொல்லிக் கூப்பிட்டு, கற்பூரம் காட்டி, பிறகு அந்தப் புடவையை நீ கட்டிக்கொண்டு வீதியெல்லாம் சுற்றுவாயே, அந்தப் படையல்தான். இந்த வருஷம் கடைசி வெள்ளியில் வைக்கிறோம். உன் அம்மா சாமியம்மாள் பேரோடு உன் பேரையும் சேர்த்துக் கூப்பிடப் போகிறாள். கல்யாணம் ஆகாமல் போன பெண்ணுக்குக் கோடி வந்துவிட்டது, இடம் கொடுக்காமல் விட்டால் அலையும் என்கிறாள். அவள் பேச்சில் கோபம் இல்லை, அழுகை இல்லை. உனக்கு நல்லது செய்வதாகத்தான் நினைக்கிறாள்.

இதை நீ சாதாரணமாக எடுத்துக்கொள்ளாதே. படையலில் ஒரு தடவை பேர் சொல்லிக் கூப்பிட்டுவிட்டால், அதற்குப் பிறகு நீ உயிரோடு வந்து நின்றாலும் சாமி வந்திருக்கிறது என்று கும்பிடுவாளே தவிர, மகள் வந்திருக்கிறாள் என்று நினைக்க மாட்டாள். முப்பது வருஷமாக அவளோடு குடித்தனம் நடத்துகிறேன், எனக்குத் தெரியும். அதற்கு முன்னால் வந்துவிடு. டைரக்டர் காலில் விழுந்தாவது ஒரு நாள் வாங்கிக்கொண்டு வா. தேவைப்பட்டால் அவர் நம்பரைக் கொடு, நான் பேசுகிறேன்.

ஆசீர்வாதங்களுடன்,
அப்பா.


நெய்வேலி நகரியம்,
ஆவணி பிறந்த மறுநாள்.

பொற்கொடிக்கு,

நீ வரவில்லை. ஹைதராபாத்தில் செட் போட்டாகிவிட்டது, நீ ஒருத்தி போனால் நூறு பேருக்கு வேலை நிற்கும் என்றாய். நான் மைன்ஸில் வேலை பார்க்கிறவன். ஒருவன் நின்றால் நிலக்கரி ஓடுகிற பெல்ட்டே நிற்கும் என்பது எனக்கும் தெரியும். அதனால் திட்டவில்லை. திட்டக் கூடாது என்றுதான் நாலைந்து நாளாகக் கடிதத்தைத் தள்ளிப் போட்டேன்.

படையல் நேரத்துக்கு வீடியோவில் வருகிறேன், அம்மா என்னைப் பார்த்தால் சரியாகிவிடும் என்று நீ சொன்னதை நானும் நம்பினேன். உன் பக்கம் திரை எவ்வளவு தெரிந்ததோ தெரியாது. இங்கே என்ன நடந்தது என்று சொல்கிறேன்.

இலை போட்டு, சாமியம்மாளுக்கு எடுத்த புடவையை ஒரு பலகையில் வைத்தோம். பொம்மையை அம்மா முன்அறைக்கே கொண்டுவந்து கிழக்குப் பார்க்க நிறுத்திவிட்டாள். உன் பேரைக் கூப்பிட வாயைத் திறந்தாள். சரியாக அந்த நேரம் போன் அடித்தது. அப்பாடா என்று எனக்கு உயிர் வந்தது. போனைச் சொம்பில் சாய்த்து வைத்தேன். நீ வந்தாய். பாப்பா, நீ ஏன் அப்படி வந்தாய்? ஷூட்டிங் நடுவில் ஓடிவந்தேன் என்கிறாய், சரி. ஆனால் முகமெல்லாம் மஞ்சள், நெற்றி நிறையக் குங்குமம், தலை கொள்ளாத பூ, காதில் ஜிமிக்கி. பின்னால் ஏதோ விளக்கு. எனக்கே ஒரு நிமிஷம் கை கூப்பத் தோன்றியது.

உன் அம்மா கற்பூரத்தட்டை எடுத்துப் போனுக்குக் காட்டினாள். நீ அம்மா, அம்மா என்று கத்தியது எங்களுக்குக் கேட்டது. அவளுக்கும் கேட்டது. "வந்துட்டா, கூப்புடறதுக்கு முன்னாடியே வந்துட்டா" என்று சொல்லிக் கீழே விழுந்து கும்பிட்டாள். இசக்கியம்மாள் பொறுக்க முடியாமல், "ஏட்டி கமலம், அது ஒம் மவள்லா, ஒனக்கு என்ன கிறுக்கு பிடிச்சிருக்கு?" என்று அவளைப் பிடித்து உலுக்கினாள். நீ அழ ஆரம்பித்தாய். உன் அம்மா எல்லாரையும் கையமர்த்தி, "சாமி அழுவுது, யாரும் பேசாதீங்க" என்றாள். அப்போதுதான் நெட்வொர்க் போய், உன் முகம் அழுதபடியே அசையாமல் நின்றது. அவள் விபூதியை எடுத்து அந்தக் கண்ணாடி மேல் பூசினாள்.

நீ திரும்பத் திரும்பக் கூப்பிட்டாய். நான் எடுக்கவில்லை. எடுத்து என்ன காட்டுவது?

அன்றைக்கு இரவிலிருந்து உன் அம்மா மாத்திரை இல்லாமல் தூங்குகிறாள். மூன்று வேளையும் சாப்பிடுகிறாள், பாட்டு முணுமுணுத்துக்கொண்டு வாசலில் கோலம் போடுகிறாள். இத்தனை வருஷத்தில் இவ்வளவு நிம்மதியாக நான் அவளைப் பார்த்ததில்லை. அதுதான் எனக்குத் தாங்கவில்லை. அவள் அழுதுகொண்டிருந்தவரை உன்னைத் தேடிக்கொண்டிருந்தாள். இப்போது தேடுவதை நிறுத்திவிட்டாள்.

இன்னொன்றும் கேள். பின்வரிசையில் ஒரு குழந்தைக்குக் காய்ச்சல். அம்மா போய் உன் பேரைச் சொல்லி விபூதி பூசிவிட்டு வந்தாள். காய்ச்சல் தானாக இறங்கியது. மறுநாள் இரண்டு பெண்கள் வந்துவிட்டார்கள். ஒருத்தி மகனுக்குக் கான்ட்ராக்ட் வேலை பெர்மனென்ட் ஆகவேண்டுமாம். பொம்மையின் காலடியில் எலுமிச்சம்பழம் வைத்துவிட்டுப் போகிறாள். அது சினிமாவில் நடிக்கிற என் பெண் அம்மா, ஹைதராபாத்தில் இருக்கிறாள் என்று நான் வாசலில் நின்று கத்துகிறேன். "தெரியுங்க, பாத்திருக்கோம், எவ்ளோ பெரிய ஆளாயிட்டும் பொறந்த வூட்ட மறக்காம வந்து நிக்கிறாங்க பாருங்க" என்கிறாள். இவர்களுக்கு நீ உயிரோடிருப்பதும் தெரியும், கும்பிடுவதும் விடாது. அடுத்த வருஷம் எனக்கு ரிடையர்மென்ட், குவார்ட்டர்ஸைக் காலி செய்ய வேண்டும். போகிற இடத்தில் பூஜை அறை பெரியதாக இருக்க வேண்டும் என்று உன் அம்மா இப்போதே சொல்கிறாள்.

இதுவரை எழுதியதெல்லாம் அம்மாவைப் பற்றி. இனி என்னைப் பற்றிச் சொல்கிறேன். இதை நான் போனில் சொல்ல முடியாது.

முந்தாநாள் காலையில் டிபன் பாக்ஸை எடுத்துக்கொண்டு வேலைக்குக் கிளம்பினேன். செருப்பை மாட்டும்போது முன்அறைப் பக்கம் பார்த்து, "வரேன் பாப்பா, கதவ சாத்திக்கோ" என்றேன். பழக்கத்தில் சொல்லிவிட்டேன். நீ பள்ளிக்கூடம் போன காலத்தில் தினமும் சொன்னதுதான். சொன்னதும் புடவைத் தலைப்பு அசைந்தது. ஃபேன் ஓடிக்கொண்டிருந்தது பாப்பா, ஃபேன் காற்றுதான். எனக்குத் தெரியும். ஆனால் பஸ்ஸில் போய் உட்கார்ந்த பிறகு எனக்குள் ஒரு சந்தோஷம். பெண் வீட்டில் இருக்கிறாள் என்கிற சந்தோஷம். நடுவழியில்தான் என்ன நினைக்கிறேன் என்று உறைத்தது. அன்றைக்கு வேலையே ஓடவில்லை.

நேற்று நீ கூப்பிட்டபோது, நீ ஆறாவது படிக்கும்போது எந்த மரத்திலிருந்து விழுந்தாய் என்று ஏன் கேட்டேன் தெரியுமா? சும்மா பேச்சுக்குக் கேட்கவில்லை. பேசுவது நீதானா என்று பார்த்தேன். நீ புங்கமரம் என்றாய். சரியான பதில்தான். அப்படியும் வைத்த பிறகு, இதை யார் வேண்டுமானாலும் சொல்லிக் கொடுத்திருக்கலாமே என்று நினைத்தேன். நான் படித்தவன், யூனியனில் இருந்தவன், பேய் பிசாசு என்று பேசுகிறவர்களைக் கிண்டல் செய்தவன். எனக்கு இந்த நினைப்பு வரலாமா? வந்துவிட்டது. உன் அம்மா முதலில் போய்விட்டாள், நான் பின்னாலேயே போய்க்கொண்டிருக்கிறேன். எனக்குப் பயமாக இருக்கிறது.

வேலை போனால் போகட்டும், படம் நின்றால் நிற்கட்டும். வா. காரில் வராதே, கூட மேக்கப்காரியைக் கூட்டி வராதே. சாதாரண சுடிதாரில் பஸ் ஏறி ஆர்ச் கேட்டில் இறங்கு. தலை கலைந்திருந்தால் கலைந்தே இருக்கட்டும். வரும் வழியில் ஒன்றும் சாப்பிடாதே. உன் அம்மா உன்னைப் பார்த்ததும் விளக்கேற்றப் போவாள், காலில் விழ வருவாள். விடாதே, கையைத் தட்டிவிடு. பசிக்குது, சோறு போடு என்று கேள். குழம்பில் உப்பில்லை என்று சொல். சண்டை போடு. நீ போடுகிற சண்டைக்கு அவள் பழைய மாதிரி ஒரு வார்த்தை திட்டிவிட்டால் போதும், நீ பிழைத்துக்கொள்வாய். அந்தப் புடவையை நீயே உன் கையால் அவிழ்த்துவிடு. அதற்குப் பயப்படாதே, நான் பக்கத்தில் நிற்கிறேன். பிறகு என்ன செய்வதென்று மூன்று பேரும் உட்கார்ந்து பேசுவோம்.

கடிதத்தை முடிக்கும்போது, நோய்நொடி இல்லாமல் நீண்ட ஆயுளோடு இரு என்று அப்பன் எழுத வேண்டும். எழுத மாட்டேன். எங்கேயோ இருக்கிற பேருக்கு அதை எழுதி அனுப்ப எனக்குக் கை வரவில்லை. நீ வா, எதிரில் நில், தலையைக் குனி. கை வைத்துச் சொல்கிறேன்.

அப்பா.